திங்களும் வியாழனும் நாலு டிகிரி

எனக்குக் காரணம் தெரியாமல் எதையும் ஒப்புக்கொள்ளப் பிடிக்காது. இந்தக் குணத்தால் சொந்தக்காரர் கல்யாணங்களில் என்னை யாரும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்வதில்லை. ஆனால் கணினிக் கூடத்தில் காற்றுக்குப் பொறுப்பாக இருப்பதற்கு இது தோதான குணம்.

பெயர் ரமீஜா. வயது முப்பத்தெட்டு. வேலை, காற்று மேய்ப்பது. சிறுசேரியைத் தாண்டித் தாழம்பேட்டையில் சாலையோரமாக ஜன்னல் குறைந்த ஒரு வெள்ளைக் கட்டடம் நிற்கிறதே, அதற்குள் ஆறாயிரம் கணினிகள் அலமாரி அலமாரியாக இருக்கின்றன. ரயில் முன்பதிவு, ரேஷன் பட்டியல், சித்தப்பாக்கள் காலையில் அனுப்பும் ரோஜாப்பூ வணக்கம், எல்லாம் அங்கேதான். ஒவ்வொரு கணினியும் முன்பக்கத்தால் குளிர்காற்றை இழுத்துப் பின்பக்கத்தால் சூட்டை விடும். குளிர் போகிற சந்து வேறு, சூடு வருகிற சந்து வேறு. இரண்டும் கலந்துவிடாமல் பார்த்துக்கொள்வதுதான் என் பிழைப்பு. சந்துக்குச் சந்து கண்ணாடிக் கதவு, தரையில் துளை போட்ட பலகை, காலி இடங்களுக்கு மூடி. ஒரு மூடியைக் கழற்றி வைத்துவிட்டு எவனாவது டீ குடிக்கப் போனால் அன்றைக்கு அவன் என் வாயில் விழுந்தான் என்று அர்த்தம்.

இதையெல்லாம் நிமிடத்துக்கு நிமிடம் ஓட்டுவது மாப்பிள்ளை. அது ஆள் இல்லை, கட்டுப்பாட்டு மூளை. எந்த விசிறி எவ்வளவு வேகம், எந்தக் குளிர்ப்பான் எப்போது ஓட வேண்டும் என்று அதுவே முடிவெடுக்கும். கம்பெனி வைத்த பெயர் நீளமான ஆங்கிலம். எங்கள் யாருக்கும் வாயில் நுழையவில்லை. எந்நேரமும் குளிரக் குளிரக் கவனிக்க வேண்டும், அரை டிகிரி ஏறினால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளும், அதன் முன்னால் யாரும் சத்தமாகத் தும்மக்கூட முடியாது. வேறென்ன பெயர் வைப்பது?

2043ஆம் வருடக் கோடை மாப்பிள்ளைக்கு ஒத்துக்கொள்ளவில்லை.

"வணக்கம், ரமீஜா," என்று ஒலிபெருக்கியில் ஆரம்பிக்கும், ஒவ்வொரு மத்தியானமும். "வெளியிலிருந்து நான் இழுக்கும் நுழைகாற்று நாற்பத்தொரு டிகிரி. எட்டுக் குளிர்ப்பான்களும் முழு மூச்சில் ஓடுகின்றன. எனக்குச் சிரமமாக இருக்கிறது."

"எனக்கும்தான் சிரமமா இருக்கு. நான் யார்கிட்ட போய்ச் சொல்ல?"

"என்னிடம் சொல்லலாம். ஆனால் பயன் இருக்காது."

சிரமத்துக்கு வழி சொல்ல ஆலோசகர்கள் இரண்டு பேர் வந்தார்கள். எங்களுக்கு மேற்கே, மதிலை ஒட்டி, மூன்றாவது குறுக்குத் தெரு இருக்கிறது. நாற்பது வீடுகள். புறம்போக்கு நிலம். அந்த வீடுகளைக் காலி செய்துவிட்டு அங்கே ஒன்பதாவதாக ஒரு பெரிய குளிர்ப்பானை நிறுத்தினால் தீர்ந்தது என்று எழுதிவிட்டுப் போனார்கள். மேலிடம் தலையாட்டிவிட்டது. பாக்கி இருந்தது காற்றுப் பொறுப்பாளரின் கையெழுத்து ஒன்றுதான். அதாவது என்னுடையது.

நான் போடவில்லை. தியாகி என்று நினைத்துவிடாதீர்கள். நாற்பது குடும்பங்களை நினைத்து எனக்குப் பாவமாக இருந்தது உண்மை. ஆனால் பேனாவைப் பிடித்து நிறுத்தியது அதுவல்ல. கணக்கு உதைத்தது. எல்லா நாளும் மத்தியானம் நாற்பத்தொன்று இருக்கும் நுழைகாற்று, திங்களும் வியாழனும் மட்டும் முப்பத்தேழுக்கு இறங்கியது. நாலு டிகிரி. ஒன்றரை வருடமாக, வாரம் தவறாமல். ஏன்?

"வியாழக்கிழமை குரு பகவானுக்கு உகந்த நாள், ரமீஜா," என்றார் தணிகாசலம் சார். எங்கள் மேலாளர். நல்ல மனிதர். மேஜைமேல் பேனா கோணலாக இருந்தால்கூட அவருக்குத் தூக்கம் வராது.

"குரு கோளிலிருந்து வரும் வெப்பம் புறக்கணிக்கத் தக்கது," என்றது மாப்பிள்ளை.

"சரி, திங்கக்கிழமை?"

"சந்திரனும் அப்படியே."

நான் சளைக்கவில்லை. பக்கத்துத் தொழிற்சாலை விடுமுறைப் பட்டியல், மின்வெட்டு நேரம், கேன்டீனில் எந்த நாள் எந்தச் சாப்பாடு என்பதுவரை மாப்பிள்ளையிடம் கொட்டினேன். ஒன்றும் ஒட்டவில்லை. மதிலுக்கு அந்தப் பக்கம் பார்க்க அதற்குக் கண்ணும் கிடையாது. வீடுகளை நோக்கிக் கேமரா வைக்கக்கூடாது என்று முன்பே கோர்ட் உத்தரவு.

ஒரு நாள் மேலிடத்திலிருந்து செய்தி வந்தது. டைரக்டர் ஹேமலதா மேடம் நேரில் வருகிறார்; கூடத்தைப் பார்த்துவிட்டு அங்கேயே கையெழுத்தை முடித்துவிட்டுப் போவார். தணிகாசலம் சார் நாளைத் தேர்ந்தெடுத்தார். வியாழக்கிழமை.

"நம்ம நல்ல நாள் அதுதானே? மேடம் வர்றப்போ எண்ணெல்லாம் அழகா இருக்கணும்."

"காரணம் தெரியாத அழகு, சார்."

"அழகுக்கு எதுக்கும்மா காரணம்?"

புதன்கிழமை மத்தியானம் என்னையும் இழுத்துக்கொண்டு பின்தெருவுக்குப் போனார். இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும், சொல்ல வெட்கமாகவும் இருக்கிறது. நான்கு வருடமாக அந்தக் கூடத்தில் வேலை செய்கிறேன். கம்பெனி பஸ் முன்வாசலில் இறக்கிவிடும், முன்வாசலில் ஏற்றிக்கொள்ளும். எங்கள் கட்டடத்தின் பின்பக்கம் எப்படி இருக்கும் என்று நான் அன்றுதான் பார்த்தேன்.

பார்த்தேன் என்பதைவிட, பட்டேன். முனை திரும்பியதும் சூடு முகத்தில் அறைந்தது, அடுப்பைத் திறந்து அதன் முன்னால் நிறுத்தின மாதிரி. அல்லாவே, இதிலா ஜனங்கள் இருக்கிறார்கள் என்றேன் வாய்விட்டு. தெருவுக்கு மேலே, ஒவ்வொரு வீட்டு மாடியிலிருந்தும் எங்கள் மதிலின் இரும்புக் கம்பத்துக்கு நைலான் கயிறு இழுத்துக் கட்டியிருந்தார்கள். ஐம்பது அறுபது கொடிகள் இருக்கும். எல்லாம் காலியாகக் கிடந்தன.

ஒரு ஷேர் ஆட்டோவுக்கு அடியிலிருந்து ஒரு பெண் எழுந்து வந்தார். என் வயதுதான் இருக்கும். காக்கிச் சட்டை, கையில் ஸ்பேனர். பெயர் எழிலரசி என்றும், தெரு மகளிர் குழுவுக்குச் செயலாளர் என்றும் தணிகாசலம் சார் காதோடு சொன்னார்.

"இன்னா சார், உங்க பங்களாவுக்கு முதுகுன்னு ஒண்ணு இருக்கறது இன்னிக்குத்தான் ஞாபகம் வந்துச்சா?"

"அதெல்லாம் இல்லம்மா," என்று குழைந்தார் சார். "நாளைக்கு எங்க டைரக்டர் வர்றாங்க. மாடியிலேருந்து இந்தப் பக்கம் பார்ப்பாங்க. இந்தக் கொடியில பாவாடை, லுங்கின்னு தொங்கினா அவ்வளவு நல்லா இருக்காது. ஒரு நாள் மட்டும்..."

நான் சண்டைக்குத் தயாரானேன். எழிலரசி பத்துப் பேரைக் கூப்பிட்டுச் சாரை உண்டு இல்லை என்று பண்ணிவிடுவார் என்று எதிர்பார்த்தேன். அவரோ தலையை ஒரு பக்கம் சாய்த்துக் கொஞ்சம் யோசித்தார்.

"நாளைக்கா? வியாழக்கிழமையா?"

"ஆமாம்மா."

"ஒரு கர்ச்சீப்புகூட இருக்காது சார். ஆனா எழுத்துல குடுத்துடுங்க."

"இதுக்கு எதுக்கும்மா எழுத்து?"

"நாளைக்கு நீங்களே வந்து ஏன் எடுத்தேன்னு கேட்டா?"

"நான் ஏன் கேக்கப்போறேன்?"

"அப்ப குடுக்கறதுல இன்னா கஷ்டம்? லெட்டர்ல, தேதி போட்டு, ரவுண்டு சீல் வச்சு."

ஒழுங்கான காகிதம் என்றால் சாருக்கு உயிர். சந்தோஷமாக எழுதிவர அலுவலகத்துக்கு ஓடினார். நானும் எழிலரசியும் ஆட்டோ நிழலில் நின்றோம். வியர்வை என் முதுகில் கோடாக இறங்கியது. அவர் ஒரு சொம்பு தண்ணீர் கொடுத்தார். அதுவும் வெதுவெதுப்பாக இருந்தது.

"எப்படி இதுல இருக்கீங்க?"

"காலையில பரவால்ல. ஒண்ணரை மணிக்கு மேலதான் இப்படி. எங்கேருந்து வருது மேடம் இந்த அனலு? நீங்க படிச்சவங்க, சொல்லுங்க."

சொன்னேன். "எங்க சூட்டையெல்லாம் கூரை மேல விசிறி வச்சு வெளிய தள்றோம். மத்தியானம் கிழக்கேருந்து கடல்காத்து கிளம்புது இல்ல, அது அந்தச் சூட்டை அப்படியே மேற்கே தள்ளி உங்க தெருவுல இறக்கிடுது. நாங்க காத்து இழுக்கற பலகணியும் இந்தப் பக்கம்தான் இருக்கு. அதனால வெளிய விட்ட சூட்டையே மறுபடி உள்ள இழுத்துக்கறோம்."

"பலகணிய முன்பக்கம் வைக்கறதுதானே?"

"முகப்பு அழகு கெட்டுடும்னு கட்டினவங்க இங்க வச்சுட்டாங்க."

எழிலரசி கட்டடத்தை மேலும் கீழும் பார்த்தார். "நல்லா இருக்கு உங்க அழகு."

அப்புறம் நேராக விஷயத்துக்கு வந்தார். "நாப்பது வூட்டையும் காலி பண்ணப்போறீங்களாமே. கையெழுத்து நீங்கதான் போடணுமாமே."

"யார் சொன்னாங்க?"

"உங்க ஆபீஸ் ஆளுங்க என் வண்டியிலதான் ஏறி ஃபோன்ல பேசிக்கிட்டு வர்றாங்க. நான் இன்னா, காதுல பஞ்சு வச்சிக்கினா ஓட்டறேன்? போடுவீங்களா, மாட்டீங்களா?"

"காரணம் தெரியாம போட மாட்டேன்."

"இன்னா காரணம்?"

"வாரத்துல ரெண்டு நாள் மட்டும் உங்க பக்கத்துக் காத்து குளுந்து வருது. ஏன்னு தெரியல. மூணு மாசமா மண்டைய உடைச்சிக்கறேன்."

எழிலரசி தோள் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். தோள் குலுங்கச் சிரித்தார். எனக்குக் கோபம் வந்தது. வேலையில் தோற்பதைப் பார்த்து யார் சிரித்தாலும் எனக்குக் கோபம் வரும்.

"தேடுங்க மேடம், தேடுங்க," என்றார் கண்ணைத் துடைத்துக்கொண்டு. அதற்குள் சார் சீல் வைத்த கடிதத்தோடு வந்துவிட்டார். எழிலரசி அதை இரண்டு முறை படித்து, நான்காக மடித்து, சட்டைப் பையில் வைத்துப் பொத்தான் போட்டுக்கொண்டார்.

மறுநாள் பன்னிரண்டு மணிக்கு ஹேமலதா மேடம் வந்தார். ஐம்பது வயது, கூர்மையான கண், அளவான பேச்சு. கூடத்தைச் சுற்றிக் காட்டினேன். குளிர்ச் சந்தில் நின்று தோளைப் போர்த்திக்கொண்டார், சூட்டுச் சந்தில் நின்று போர்த்தியதை விலக்கினார், நல்ல கேள்விகளாக நாலு கேட்டார். எனக்குப் பிடித்துப்போயிற்று. பிடித்துப்போனதுதான் கஷ்டமாகவும் இருந்தது. மூன்றாவது மாடியில், கட்டுப்பாட்டு அறையில், மேஜைமேல் அந்தக் காகிதமும் பேனாவும் தயாராக இருந்தன. பேனா நேராக இருந்தது.

"ரமீஜா, உங்க தயக்கம் எனக்குப் புரியுது," என்றார் மேடம். "நாற்பது குடும்பத்துக்கும் வேற இடம் கேட்டு அரசாங்கத்துக்கு எழுதியிருக்கோம். முப்பது கிலோமீட்டர் தள்ளிக் கிடைக்கலாம். எனக்கும் இது சந்தோஷமான வேலை இல்ல. ஆனா உங்ககிட்ட இதைவிட நல்ல வழி இருக்கா?"

இல்லை. என்னிடம் ஒரு கேள்விதான் இருந்தது. அதை வைத்துக்கொண்டு நாற்பது வீட்டை எத்தனை நாள் தாங்கிப் பிடிக்க முடியும்? பேனாவை எடுக்கவில்லை, எடுக்க மாட்டேன் என்றும் சொல்லவில்லை. அந்த நேரம் என்னை நினைத்தால் எனக்கே பிடிக்கவில்லை.

மணி ஒன்றே முக்கால்.

"மன்னிக்கவும்," என்றது மாப்பிள்ளை. "இன்று வியாழன். என் கணிப்பின்படி நுழைகாற்று முப்பத்தேழு இருக்க வேண்டும். நாற்பத்திரண்டு இருக்கிறது. நான் ஏமாற்றமடைந்திருக்கிறேன்."

கீழே விசிறிகளின் சத்தம் ஒரு படி ஏறியது. தரை அதிர்ந்தது.

"நாற்பத்து மூன்று. இது எனக்கு வழக்கமில்லாத வியாழன்."

தணிகாசலம் சாருக்கு வியர்த்தது. பேச்சை மாற்ற, வெயிலுக்காக எப்போதும் மூடியே கிடக்கும் மேற்கு ஜன்னல் திரையை விலக்கினார். "மேடம், இங்க வந்து பாருங்க. பின்பக்கம்கூட எவ்வளவு சுத்தமா வச்சிருக்கோம். எப்பவும் ஒரே துணியா தொங்கும். நேத்து நானே போய்..."

நானும் பார்த்தேன். வெயிலில் காலிக் கொடிகள், கோடு போட்ட நோட்டு மாதிரி.

"சார், எப்பவும்னா? தினமுமா தொங்கும்?"

"தினமும்னு இல்ல. தண்ணி லாரி வர்ற அன்னிக்கு மொத்தமா துவைப்பாங்க."

"லாரி என்னைக்கு வரும்?"

சார் வாயைத் திறந்தார். பதில் ஒலிபெருக்கியிலிருந்து வந்தது. "முன்வாசல் பதிவேட்டின்படி தண்ணீர் லாரி பின்தெருவுக்குத் திரும்பும் நாட்கள் திங்கள், வியாழன். ரமீஜா, நீங்கள் ஏன் தலையில் அடித்துக்கொள்கிறீர்கள்?"

நான் பதில் சொல்ல நிற்கவில்லை. மூன்று மாடியும் இறங்கி, கூடத்தைச் சுற்றி, அந்த அனலுக்குள் ஓடினேன். செருப்பு ஒன்று வழியில் கழன்றுவிட்டது.

தெருவில் ஒரு காட்சி காத்திருந்தது. நாற்பது வீட்டுப் பெண்களும் வாசலில் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஒவ்வொருவர் முன்னாலும் ஒரு பக்கெட். பக்கெட் நிறைய அலசிப் பிழிந்த புடவைகள், வேட்டிகள், போர்வைகள். கைவேலை இல்லாமல், ஆளாளுக்கு விசிறிக்கொண்டு, கட்டடத்தின் இரைச்சலைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். கச்சேரிக்கு வந்தவர்கள் மாதிரி அவ்வளவு நிம்மதி.

"வாங்க மேடம்," என்றார் எழிலரசி. "இன்னா, கண்டுபுடிச்சிட்டீங்களா?"

மூச்சு வாங்கியது. "துணிய... கட்டுங்க. சீக்கிரம்."

"கூடாதுன்னு லெட்டர் இருக்கு. சீல் வச்ச லெட்டர்." சட்டைப் பையைத் தட்டிக் காட்டினார்.

"எழிலரசி, உங்களுக்குத் தெரியுமா? உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

"நாலு வருஷமா உங்க மிஷினு கத்தறதக் கேட்டுக்கினே உக்காந்திருக்கோம். துணி காயற அன்னிக்கு மட்டும் அது கத்தாது. அன்னிக்குத்தான் டிவியில பேசறது எங்களுக்கே கேக்கும். போன தையிலயே புரிஞ்சிபோச்சு."

"அப்ப ஏன் யார்கிட்டயும் சொல்லல?"

"யாரு கேட்டீங்க?"

மூன்று மாதம் குரு பகவானைக்கூடக் கேட்டோம். மதிலுக்கு இந்தப் பக்கம் வந்து ஒரு வார்த்தை கேட்கவில்லை.

எழிலரசி குரலைத் தாழ்த்தினார். "ஒண்ணு மட்டும் சொல்லுங்க மேடம். உங்க மிஷினு நின்னா யாராவது செத்துகித்துப் போவாங்களா? ஆஸ்பத்திரி அது இதுன்னு?"

பொய் சொல்லியிருக்கலாம். "மாட்டாங்க," என்றேன். "ஆஸ்பத்திரிப் பதிவெல்லாம் வேற ஊர்ல இருக்கு. இங்க முதல்ல நிக்கப்போறது காலை வணக்கப் படம்."

"அப்ப உக்காரலாம்," என்றார் எழிலரசி. எல்லாரும் மறுபடி சாய்ந்து உட்கார்ந்தார்கள்.

அதற்குள் குடையைப் பிடித்துக்கொண்டு ஹேமலதா மேடமே வந்துவிட்டார், பின்னால் சார். அனல் பட்டதும் மேடம் ஒரு நொடி நின்றார். முகம் மாறியது. என்ன நடக்கிறது என்று ஒரு மூச்சில் சொன்னேன்: மேலிருந்து இறங்கும் சூட்டை இந்தத் துணிகள்தான் குறுக்கே நின்று தடுக்கின்றன, ஈரத்தின் வழியாகப் போகிற காற்று குளிர்ந்துதான் பலகணிக்குள் வருகிறது, நாலு டிகிரியும் அதுதான்.

மேடம் வேகமானவர். "சரி. அப்ப நாமே நல்ல தார்ப்பாய் வாங்கிக் கட்டிக்கலாமே?"

"தார்ப்பாய்ல காத்து போகாது மேடம். மூச்சே முட்டிடும். துணிதான் சரி," என்றேன்.

"துணியே வாங்குவோம்."

"வாங்குங்க, கட்டுங்க," என்றார் எழிலரசி, எழுந்து நின்று. "ஆனா கயிறோட ஒரு முனைதான் உங்க மதில்ல இருக்கு. இன்னொரு முனை எங்க மாடியில இருக்கு. வூட்ட இடிச்சிட்டீங்கன்னா அந்த முனைய வானத்துல கட்டுவீங்களா?"

யாரோ ஒரு பெண் கைதட்டினார். என் கைப்பேசியில் மாப்பிள்ளை பேசியது. "நாற்பத்தைந்து. காலை வணக்கப் படங்களை நிறுத்திவிட்டேன். அடுத்து ரயில் முன்பதிவு. தீபாவளி டிக்கெட்டுக்கு இன்றுதான் முதல் நாள், அதனால்தான் சுமையும் சூடும் மற்ற நாட்களைவிட அதிகம் என்பதை நினைவூட்டுகிறேன்."

ஹேமலதா மேடத்தின் முகம் வெளுத்தது. தீபாவளி டிக்கெட்டை நிறுத்தினவர் என்று பெயர் வாங்கினால் தமிழ்நாட்டில் எங்கே போய்க் குடியிருப்பது?

"என்ன வேணும் உங்களுக்கு?" என்றார்.

"வூடு காலி பண்ற பேப்பர் கேன்சல். தினமும் உங்க தொட்டித் தண்ணி எங்களுக்கு. லாரிய நம்பி நாங்க ரெண்டு நாளு துவைச்சது போதும். ஏழு நாளும் உங்களுக்கும் குளிரட்டும், எங்களுக்கும் நிழலாவட்டும். எழுத்துல." கொஞ்சம் நிறுத்தி, தணிகாசலம் சாரைப் பார்த்துச் சொன்னார்: "ரவுண்டு சீலோட."

மேடம் என்னைப் பார்த்தார். "ரமீஜா, காற்றுப் பொறுப்பாளரா சொல்லுங்க. இந்தத் தெரு போனா?"

"அந்த நாலு டிகிரியும் போயிடும். புதுக் குளிர்ப்பான் வந்தும் இதைவிட மோசமா இருக்கும்," என்றேன். அப்போது காரணம் தெரிந்திருந்ததால் குரலும் நன்றாகவே வந்தது. "அதனால அந்தப் பேப்பர்ல நான் கையெழுத்துப் போட மாட்டேன்."

ஆட்டோவின் பின்சீட்டில் வைத்து எழுதினார்கள். சீல் எடுக்கச் சார் ஓடின ஓட்டம் இருக்கிறதே, ஐம்பத்து நாலு வயதில் அப்படி ஓடி நான் யாரையும் பார்த்ததில்லை. மை காய்வதற்குள் எழிலரசி கையைத் தூக்கினார். நாற்பது பக்கெட்டும் எழுந்தன. புடவைகள் மாடியேறின, போர்வைகள் கயிற்றில் ஓடின. டை கட்டிய சார் வாயில் இரண்டு கிளிப்பைக் கவ்விக்கொண்டு யாருடைய பாவாடையையோ கோணல் இல்லாமல் நேராக மாட்டிக்கொண்டிருந்தார். மேடம் குடையை மடித்துவிட்டு ஒரு போர்வையின் மறுமுனையைப் பிடித்தார். பத்து நிமிடத்தில் தெருவுக்கு மேலே வானம் தெரியவில்லை. நீலம், சிவப்பு, கட்டம், பூப்போட்டது, எல்லாம் சொட்டிக்கொண்டு நின்றன.

"நாற்பத்து மூன்று," என்றது மாப்பிள்ளை. "நாற்பது." உள்ளே விசிறிகள் ஒரு படி இறங்கின. "முப்பத்தேழு. காய்ச்சலில் கிடப்பவரின் நெற்றியில் யாரோ ஈரத்துணி போட்டது போல இருக்கிறது. இந்த உவமை சரியா?"

"சரிதான் மாப்பிள்ளை," என்றேன். எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. கூடத்தின் இரைச்சல் அடங்கி, ஏதோ ஒரு வீட்டுக்குள்ளிருந்து டிவியில் சமையல் குறிப்பு கேட்டது.

கதை இத்தோடு முடிந்திருந்தால் நான் நிம்மதியாகத் தூங்கியிருப்பேன். இரண்டு வாரம் கழித்துக் கூடத்தின் புதிய வரைபடம் வந்தது. குளிர்ச்சிக்கு உதவும் எதுவும் வரைபடத்தில் இருந்தே ஆக வேண்டும் என்பது கம்பெனி விதி. வரைந்தது மாப்பிள்ளை. எங்கள் கட்டடத்தின் எல்லைக் கோடு மதிலைத் தாண்டிப் போய் மூன்றாவது குறுக்குத் தெருவையும் சுற்றி வந்திருந்தது. உள்ளே அழகான எழுத்தில்: 'குளிர்ப்பான் எண் ஒன்பது. அலகுகள் நாற்பது. அகற்றக் கூடாது.'

அகற்றக் கூடாது என்பது நல்ல செய்திதான். ஆனாலும் எனக்கு உறுத்தியது. மனிதர்கள் குடியிருக்கிற வீடு என்று சொல்லிக் காப்பாற்ற முடியாததை, இயந்திரம் என்று எழுதினதும் காப்பாற்றிவிட்டோம். ஒப்பந்தத்தோடு இணைப்பு என்பதால் அந்த வரைபடத்தை எழிலரசியிடம் கொடுத்தே தீர வேண்டும். காலையிலேயே போனேன். தெரு நனைந்து, நிழலாக, சோப்பு வாசனையோடு இருந்தது.

எழிலரசி வரைபடத்தை ஆட்டோ மேல் விரித்து வைத்து நிதானமாகப் படித்தார். பக்கத்து வீட்டுப் பெண்கள் நாலைந்து பேர் தோள்மேல் எட்டிப் பார்த்தார்கள்.

"இது இன்னா ரமீஜாக்கா, அலகுன்னா?"

"இயந்திரத்தோட ஒரு பாகம்." தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னேன்.

"அப்ப நாங்க மிஷினா?"

"மன்னிச்சிடுங்க. நான் மாத்தச் சொல்றேன். இன்னிக்கே எழுதறேன்."

அவர் விரலால் அந்த நாற்பது கட்டங்களையும் ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டு போனார். திட்டட்டும் என்று காத்திருந்தேன். திட்டினால் எனக்கும் கொஞ்சம் ஆறும்.

"உங்க மிஷினுக்கெல்லாம் சர்வீஸ் உண்டா?"

"உண்டு. மூணு மாசத்துக்கு ஒரு தடவை. பழுதுன்னா உடனே."

"யாரு அனுமதி குடுக்கணும்?"

"மாப்பிள்ளையே கொடுத்துடும். அலகு நிக்கக் கூடாது இல்ல?"

எழிலரசி நிமிர்ந்தார். முகம் மலர்ந்திருந்தது. "அப்ப ஒண்ணும் மாத்த வேணாம். ஃபோன எடு யக்கா, எழுது."

எடுத்தேன். சுற்றி நின்றவர்கள் எல்லாரும் ஒரே நேரத்தில் பேச, அவர் கையமர்த்தி ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, கைப்பேசியில் பழுதுப் பட்டியல் ஏறியது. அலகு ஏழு: கூரை ஒழுகுகிறது. அலகு பதினாறு: மின்கம்பி பழையது, தொட்டால் ஷாக். அலகு இருபத்தொன்பது: கழிவறைக் கதவு இல்லை. ஒவ்வொன்றுக்கும் மறுநொடியே மாப்பிள்ளையின் பதில் வந்தது: அனுமதிக்கப்பட்டது.

இருபத்திரண்டாம் வீட்டு மரியபுஷ்பம் தயங்கித் தயங்கி முன்னால் வந்தார். "எனக்கு வூட்டுல ஒண்ணும் பழுது இல்லங்க. தோள்தான். மூணு மாசமா கைய மேல தூக்க முடியல."

நான் எழிலரசியைப் பார்த்தேன். எழுது என்று கண்ணைக் காட்டினார். எழுதினேன்.

இந்த முறை பதில் உடனே வரவில்லை. பிறகு மாப்பிள்ளை குரலிலேயே கேட்டது. "ரமீஜா, அலகு இருபத்திரண்டில் தோள் என்று இருக்கிறது. என் பட்டியலில் அப்படி ஒரு பாகம் இல்லை. அது என்ன வேலை செய்கிறது?"

"ஈரப் போர்வையைக் கயித்துமேல தூக்கிப் போடுது," என்றேன்.

"அது இல்லாவிட்டால்?"

"நாலு டிகிரி ஏறும்."

"அப்படியானால் அது முக்கியப் பாகம்," என்றது மாப்பிள்ளை. "டாக்டர் பதினொரு மணிக்கு வருவார். அதுவரை அலகு இருபத்திரண்டு ஓய்வில் இருக்கட்டும். மற்ற அலகுகளின் தோள்களையும் அவரே பார்த்துவிடட்டும்."

மரியபுஷ்பம் தன் தோளைத் தானே தொட்டுப் பார்த்துக்கொண்டார், அது இத்தனை பெரிய விஷயம் என்று அன்றுதான் யாரோ சொன்ன மாதிரி. எழிலரசி அவர் கையிலிருந்த பக்கெட்டை வாங்கி என்னிடம் நீட்டினார்.

"இன்னா யக்கா பாத்துக்கினு நிக்கற? அலகு ரெஸ்ட்ல இருக்கு. நீ வந்து கட்டு."